கையெழுத்துக்கு முன் நான்கு வாரம், படப்பிடிப்புக்குப் பின் ஒரு சுவர்

2023 மார்ச்சில், முதல் உலகப் போரைப் பற்றிய ஜெர்மன் படத்துக்காக கிறிஸ்டியான் கோல்ட்பெக்கும் எர்னஸ்டீன ஹிப்பரும் கலை இயக்கத்துக்கான ஆஸ்கர் வாங்கிய மறுநாள் காலை, என் போனில் ஏழெட்டுச் செய்திகள் வந்து கிடந்தன. கும்பகோணத்தில் என்னோடு படித்தவர்கள், சென்னையில் கூட வேலை பார்த்தவர்கள், அவர்களிடம் இப்போது வேலை கற்றுக்கொள்ளும் பிள்ளைகள். “அக்கா, நீங்க ஜெர்மனியிலதானே இருக்கீங்க? நாங்களும் வரலாமா? எப்படி வர்றது?” எல்லாரும் கேட்டது இதைத்தான். நான் ஒருவருக்கும் பதில் போடவில்லை. அந்த வாரம்தான் ஒரு தயாரிப்பு நிறுவனத்துக்கு நான் கட்ட வேண்டும் என்று நம்பியிருந்த 2,500 யூரோவில் கடைசித் தவணையை அனுப்பியிருந்தேன். அந்தப் பணத்தை நான் கட்டியிருக்கவே வேண்டியதில்லை என்பது தெரிய இன்னும் நான்கு மாதம் ஆனது.

அன்று போடாத பதிலைத்தான் இப்போது எழுதுகிறேன். 2022 வசந்தத்தில் தொடங்கிப் பத்துப் பன்னிரண்டு மாதங்களில் என் கையைவிட்டுப் போனது மொத்தம் 11,620 யூரோ. அதில் ஒரு சென்ட்கூடக் கேமரா முன்னால் நடந்ததால் போகவில்லை. எல்லாம் அதற்கு முன்னாலும் பின்னாலும் நடந்தவற்றால் போனவை. இந்தத் தொழிலைப் பற்றிக் கல்லூரியிலும் பேட்டிகளிலும் பேசுகிறவர்கள் கேமரா ஓடும் நாட்களைப் பற்றியே பேசுகிறார்கள். மற்ற நாட்களைப் பற்றி எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. கேட்க வேண்டும் என்று எனக்கும் தோன்றவில்லை.

என்னைப் பற்றிக் கொஞ்சம். கும்பகோணம் அரசு கவின் கலைக் கல்லூரியில் ஓவியம் படித்தேன். சென்னையில் மூன்று வருடம் ஆர்ட் டிபார்ட்மென்டில் உதவியாளர். பிளைவுட், பிளாஸ்டர் ஆஃப் பாரிஸ், ராத்திரி முழுக்கப் பெயின்ட் வாசனை, விடிந்தால் ஷூட்டிங், முடிந்த மறுநாளே செட்டைப் பிரித்துப் போட்டு அடுத்ததுக்கு ஓட்டம் என்ற வாழ்க்கை. 2011-ல் பாட்ஸ்டாமில் உள்ள பாபெல்ஸ்பெர்க் திரைப்படக் கல்லூரியில் முதுகலைக்கு இடம் கிடைத்தது. 2014-ல் பல்கலைக்கழகமாக உயர்த்தப்பட்டது அதுதான். படிப்புக் கட்டணம் கிடையாது, செமஸ்டர் பங்களிப்பு மட்டும்தான். ஆனால் ஜெர்மன் மொழி சரியாக வர வேண்டும். இந்த வேலையில் நீங்கள் பொழுதெல்லாம் பேசுவது தச்சரோடும் பெயின்டரோடும் வீட்டுக்காரரோடும்தான். அவர்களிடம் ஆங்கிலம் எடுபடாது.

இங்கே இந்த வேலைக்குப் பெயர் ஸ்ஸெனன்பில்ட். நம்மூரில் கலை இயக்குநர் என்றும் புரொடக்‌ஷன் டிசைனர் என்றும் சொல்வது. பழைய ஆட்கள் இன்னும் ‘ஃபில்ம்ஆர்க்கிடெக்ட்’, அதாவது திரைப்படக் கட்டடக் கலைஞர் என்பார்கள். 1920-களில் பெரிய பெரிய அரங்குகளுக்குள்ளேயே நகரங்களைக் கட்டி எழுப்பியவர்களுக்கு அது பொருந்தும். நான் இங்கே வரக் காரணமே அந்தப் பரம்பரைதான். பெர்லினில் 1921-ல் பிறந்து, சிறுவனாக இருக்கும்போதே நாஜிகளால் ஊரைவிட்டுப் போய், பிறகு ஜேம்ஸ் பாண்ட் படங்களுக்கு அரங்குகள் வடிவமைத்த கென் ஆடம், தன் வாழ்நாள் ஓவியங்களையெல்லாம் 2012-ல் அதே பெர்லினில் உள்ள டாய்ச்செ கினமாடேக் என்ற திரைப்படக் காப்பகத்துக்குத் தந்தார். தடித்த ஃபெல்ட் பேனாவால் போட்ட அந்தக் கறுப்புக் கோடுகளைப் பார்த்துவிட்டு வெளியே வந்து அரைமணி நேரம் பேச்சே வரவில்லை எனக்கு. பாபெல்ஸ்பெர்க் ஸ்டூடியோவில் கலை இயக்குநர் உலி ஹானிஷின் வடிவமைப்பில் எழுந்த 1920-களின் பெர்லின் தெருவை முதன்முதலில் பார்த்தபோதும் அப்படித்தான்.

ஆனால் வேலைக்குப் போனபிறகு தெரிந்தது வேறு. ஜெர்மன் தொலைக்காட்சியில் பெரும்பாலான படங்கள் அரங்கில் எடுக்கப்படுவதில்லை. யாரோ ஒருவர் வசிக்கும் வீடு, யாரோ நடத்தும் கடை, மூடிக்கிடக்கும் மருத்துவமனை, இவைதான் களம். இவற்றை ‘மோட்டீஃப்’ என்பார்கள். அதை வாடகைக்கு எடுத்து, மாற்றி, படம் எடுத்து, பிறகு இருந்தபடியே திருப்பிக் கொடுக்க வேண்டும். இந்தக் கடைசி வேலைக்கு ‘ரூக்பாவ்’ என்று பெயர். சென்னையில் செட்டைப் பிரிப்பது என்றால் உடைத்து லாரியில் ஏற்றுவது. இங்கே பிரிப்பது என்றால், ஆணி அடித்த ஓட்டையைக்கூட அடைத்து, அதே வெள்ளையில் அதே பளபளப்பில் பூசி, வீட்டுக்காரரிடம் கையெழுத்து வாங்குவது. இந்த வித்தியாசம் எனக்குத் தலையில் ஏறியிருந்தது, கையில் ஏறவில்லை.

படித்து முடித்தவருக்கு வேலை தேட 18 மாதம் விசா தருவார்கள். அதற்குள் நான் ரெக்விஸீட்டெ உதவியாளராக, அதாவது சாமான்கள் தேடி, வாடகைக்கு எடுத்து, திருப்பிக் கொடுக்கும் ஆளாகச் சேர்ந்துவிட்டேன். பிறகு வெளியே அலைந்து சாமான் சேர்க்கும் பொறுப்பு, பிறகு கலை இயக்குநரின் உதவியாளர் என்று ஆறேழு வருடம். இந்த ஏணியில் ஒரு சிக்கல் இருக்கிறது. நல்ல உதவியாளர் என்று பேர் வாங்கிவிட்டால் எல்லாரும் உதவியாளராகவே கூப்பிடுவார்கள். மேலே போக, பிறருடைய பட்டப்படிப்புப் படங்களிலும் சின்னப் படங்களிலும் தனிப் பொறுப்பு எடுத்துச் செய்து பெயர் சேர்க்க வேண்டும். அங்கே சம்பளம் சொற்பம், மீதியை ‘ரூக்‌ஷ்டெல்லுங்’ என்று எழுதித் தருவார்கள். படம் லாபம் பார்த்தால் பிறகு தருவோம் என்று பொருள். எனக்கு அப்படி எழுதித் தந்த 3,000 யூரோ இன்றுவரை வரவில்லை. அதை இழப்புக் கணக்கில் நான் சேர்க்கவில்லை, ஏனென்றால் வராது என்று தெரிந்தேதான் கையெழுத்துப் போட்டேன். நீங்களும் அந்தத் தொகையைப் பூஜ்யம் என்று வைத்துக்கொண்டு, அப்போதும் அந்தப் படம் வேண்டுமா என்று பாருங்கள்.

2022 ஏப்ரலில் முதல் பெரிய வாய்ப்பு வந்தது. திரையரங்குக்கான ஒரு அறிமுக இயக்குநரின் படம். முழுப் பொறுப்பும் என்னுடையது, வாரம் 2,050 யூரோ என்று பேச்சு. “ஒப்பந்தம் தயாராகிக்கொண்டு இருக்கிறது, நீ திங்கட்கிழமை தொடங்கிவிடு” என்றார் தயாரிப்பு மேலாளர். நானும் தொடங்கினேன். திரைக்கதையைக் காட்சி காட்சியாகப் பிரித்துச் சாமான் பட்டியல் எடுத்தேன். இடம் பார்க்க நாலு ஊர் அலைந்தேன். செலவுத் திட்டம் போட்டேன், மாதிரி அட்டைகள் செய்தேன். ஒவ்வொரு வெள்ளிக்கிழமையும் ஒப்பந்தம் அடுத்த வாரம் வந்துவிடும் என்பார். எனக்குக் கேட்க வாய் வரவில்லை. காசைப் பற்றி முதலில் வாயைத் திறப்பவர் மரியாதை கெட்டவர் என்று வளர்ந்தவள் நான். வேலையைப் பார், தானாக வரும் என்பது எங்கள் வீட்டுப் பேச்சு. ஜெர்மன் படப்பிடிப்பில் எல்லாரும் எல்லாரையும் ‘நீ’ என்றுதான் பேசுவார்கள், தயாரிப்பாளரில் இருந்து டீ கொடுப்பவர் வரை. அந்த ‘நீ’யை நான் நட்பு என்று எடுத்துக்கொண்டேன்.

நான்காவது வாரக் கடைசியில் படம் தள்ளிப்போனது. இங்கே திரையரங்குப் படத்தின் பணம் ஒரே இடத்தில் இருந்து வராது. ஒரு சேனல் கொஞ்சம், பெர்லினில் உள்ள மத்திய திரைப்பட நிதி அமைப்பு கொஞ்சம், மாநில நிதிகள் கொஞ்சம் என்று ஒட்டுப்போட்ட துணிதான். ஒரு மாநிலத்தின் குழு இல்லை என்றால் மொத்தமும் நின்றுவிடும். இந்தப் படத்தில் அதுதான் நடந்தது. நான் செய்த நான்கு வாரத்துக்கு, நாலு முறை மின்னஞ்சல் போட்டபிறகு, ஒரு வாரச் சம்பளம் வந்தது. ‘நல்லெண்ண அடிப்படையில்’ என்று குறிப்போடு. கடிதத்தில் நான் ‘நீங்கள்’ ஆகிவிட்டிருந்தேன். 6,150 யூரோ போனது.

இதில் சட்டம் என் பக்கம் இருந்தது என்பதுதான் இன்றுவரை வயிற்றெரிச்சல். ஜெர்மனியில் வாயால் பேசி வேலையைத் தொடங்கினாலும் அது செல்லுபடியாகும் வேலை ஒப்பந்தம்தான். எழுத்தில் கட்டாயம் இருக்க வேண்டியது காலவரையறை மட்டும். இத்தனை வாரத்துக்கு மட்டுமே வேலை என்பதை இரண்டு தரப்பும் வேலை தொடங்கும் முன் கையெழுத்திட்டு எழுதவில்லை என்றால் அந்த வரையறை செல்லாது, காலவரையற்ற வேலையாகக் கருதப்படும். ஆனால் அந்த வரையறை செல்லாது என்று சொல்ல, பேசிய காலம் முடிந்த மூன்று வாரத்துக்குள் தொழிலாளர் நீதிமன்றத்துக்குப் போய்விட வேண்டும். எனக்கு இது தெரிந்தபோது எல்லாக் கெடுவும் கடந்து மாதங்கள் ஆகியிருந்தன. சண்டைக்குப் போகச் சொல்லவில்லை. இந்த விதி உங்களுக்குத் தெரியும் என்பது எதிரில் இருப்பவருக்குத் தெரிந்தாலே ஒப்பந்தம் வேகமாக வந்துவிடும். நான் இப்போது எழுதும் மின்னஞ்சல் இரண்டே வரி: “திங்கட்கிழமை தொடங்க மகிழ்ச்சி. வியாழனுக்குள் ஒப்பந்தம் வந்துவிட்டால் படித்துக் கையெழுத்திட்டு அனுப்புகிறேன்.” இதுவரை ஒருவரும் முகம் சுளிக்கவில்லை. சுளிப்பார்கள் என்று நான் பத்து வருடமாகப் பயந்திருந்தேன்.

அதே சமயத்தில் வெர்டி தொழிற்சங்கத்தில் சேர்ந்துவிடுங்கள். சந்தா மாதச் சம்பளத்தில் நூற்றுக்கு ஒன்று. வேலை சம்பந்தமான வழக்குக்கு அவர்கள் வக்கீல் தருவார்கள். பிரச்சினை வந்தபிறகு சேர்ந்தால் பயன் இல்லை, முன்பே உறுப்பினராக இருக்க வேண்டும். திரைப்படத் தொழிலாளர்களுக்கான கூட்டு ஊதிய ஒப்பந்தத்தை அச்சிட்டுக் கையில் வைத்துக்கொள்ளுங்கள். வாரச் சம்பளம் எத்தனை மணி நேரத்துக்கு, அதற்கு மேல் போனால் என்ன என்பதெல்லாம் அதில்தான் இருக்கிறது.

அந்த இலையுதிர் காலத்தில் அடுத்த வாய்ப்பு வந்தது. 90 நிமிடத் தொலைக்காட்சிக் குற்றப்படம், 22 நாள் படப்பிடிப்பு, தயாரிப்பு நிறுவனம் கொலோனில். இந்த முறை ஒப்பந்தம் முதலிலேயே வந்தது. சந்தோஷத்தில் ஒரு வரியைச் சரியாகப் படிக்கவில்லை: என்னை ‘உள்ளூர்’ ஆளாக எடுத்திருந்தார்கள். மாநில நிதிகள் ஒவ்வொன்றும் தாம் கொடுக்கும் பணத்தைவிட அதிகமாக அந்த மாநிலத்துக்குள்ளேயே செலவாக வேண்டும் என்று கேட்கும். அதனால் உள்ளூர் ஆட்களையே நிறுவனங்கள் விரும்பும். வெளியூர்க்காரர் உள்ளே வர வேண்டுமென்றால், தங்கும் செலவும் பயணமும் தன்னுடையது என்று ஒத்துக்கொள்ள வேண்டியிருக்கும். நான் பெர்லின்வாசி. கொலோனின் எரன்ஃபெல்ட் பகுதியில் ஒரு அறைக்கு இரண்டு மாதத்துக்கும் சேர்த்து 1,900 யூரோ கொடுத்தேன். பின்னால் வருமான வரிக் கணக்கில் காட்டிக் கொஞ்சம் குறைத்துக்கொள்ள முடிந்தது. வெளியூரில் வேலை பார்க்கும் முதல் மூன்று மாதத்துக்கு, முழு நாள் ஒன்றுக்கு 28 யூரோ சாப்பாட்டுச் செலவாக வரியில் கழிக்கலாம் என்பதும் அப்போதுதான் தெரிந்தது. உள்ளூர் ஆளாக ஒத்துக்கொள்வது தப்பில்லை. அந்தச் செலவைக் கூட்டிக்கொண்டு வாரச் சம்பளத்தைப் பேசுங்கள்.

அடுத்தது கைச்செலவுப் பணம். ‘ஹாண்ட்காஸெ’ என்று ஒரு தொகை தருவார்கள், அதற்குப் பில் வைக்க வேண்டும். அந்தத் தொகை தீர்ந்த நாட்களில் அவசரத்துக்கு என் கார்டில் வாங்கினேன். பழைய சாமான் சந்தையில் ஒரு விளக்கு, ஒரு ரேடியோ, மேசை விரிப்புகள். சந்தையில் பில் ஏது? நீங்களே ரசீதுப் புத்தகம் கொண்டுபோய், விற்பவரிடம் பெயர், முகவரி, கையெழுத்து வாங்கிக்கொள்ள வேண்டும். நான் வாங்கவில்லை. கடைப் பில்களில் சில, காரின் முன்கண்ணாடிக்குக் கீழே வெயில்பட்டு வெற்றுக் காகிதமாகிவிட்டன. 640 யூரோ. இப்போது வாங்கிய இடத்திலேயே நின்று போட்டோ எடுத்துவிட்டுத்தான் நகர்கிறேன். என் சொந்தக் கார்டு படத்தின் சாமானுக்காக வெளியே வருவதில்லை.

இனி அந்தச் சுவர். கொலோனுக்குப் பக்கத்து ஊரான வூப்பர்டாலில், நூற்றுக்கும் மேல் வருட வீடு. ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் தனியாக இருந்தார். அவருடைய வரவேற்பறை எங்கள் கதையின் 1970-களின் வீடு. ஜெர்மன் வீடுகளில் சுவர் எல்லாம் வெள்ளை. ஒளிப்பதிவாளருக்கு வெள்ளைச் சுவர் என்றால் தலைவலி. வெளிச்சம் அங்கே போய் எகிறும், நடிகர் முகம் இருண்டுபோகும். அதனால் கலை இயக்குநரின் முதல் வேலை பெரும்பாலும் வெள்ளையைக் கொல்வது. கீழ்ச் சுவரில் இருந்த வால்பேப்பரின் மேல் எங்கள் வால்பேப்பரைக் கழற்றக்கூடிய சட்டங்களில் ஒட்டி நிறுத்தினோம். மேலே பூவேலைப்பாடு கொண்ட உட்கூரையும் அதை ஒட்டி ஒரு முழ அகலத்துக்குச் சுவரும் மிச்சம். இரண்டையும் புகையிலை நிறத்தில் அடிக்க முடிவு செய்தேன். வருடக்கணக்கில் சிகரெட் புகை படிந்த அறை மாதிரி இருக்க வேண்டும் என்று இயக்குநர் கேட்டிருந்தார், எனக்கும் அது பிடித்திருந்தது. தொழில்முறைப் பெயின்டருக்குப் பணம் இல்லை. இரண்டு மாணவர்களை வைத்து சனி, ஞாயிறில் சாதாரணப் பிளாஸ்டிக் பெயின்ட் அடித்தேன். திரையில் அந்த அறை அழகாக வந்திருக்கிறது. என் வேலையில் இன்றும் நான் எடுத்துக் காட்டுவது அதைத்தான்.

படப்பிடிப்பு முடிந்த மறுநாள் காலை ஏழு மணிக்கு ரூக்பாவ் தொடங்கினோம். ஏணியில் ஏறி, ரோலரில் வெள்ளை தோய்த்து, மூலையில் வைத்து ஒரு இழுப்பு இழுத்தேன். ரோலரோடு சேர்ந்து கூரையின் தோல் வந்தது. உள்ளங்கை அகலத்துக்கு ஒரு பட்டை, அப்பளம் மாதிரி சுருண்டு தொங்கியது. பக்கத்தில் வைத்தேன், அங்கேயும் உரிந்தது. கால்மணி நேரத்தில் பூவேலைப்பாட்டின் இலைகளுக்கு இடையில் இருந்தெல்லாம் துண்டு துண்டாக விழ ஆரம்பித்தது. எங்கள் புகையிலை நிறம் ஒரு பக்கம், நூறு வருடத்து வெள்ளை மறுபக்கம். பையன்கள் என் முகத்தையே பார்த்தார்கள். நான் ஏணியிலிருந்து இறங்கி மாடிப்படியில் போய் உட்கார்ந்தேன். அந்த நேரம் பார்த்து அம்மா போன். “சாப்ட்டியாம்மா?” “சாப்ட்டேம்மா.” அவ்வளவுதான் பேச முடிந்தது.

அந்தக் கூரையில் இருந்தது ‘லைம்ஃபார்பெ’. சுண்ணக்கட்டித் தூளும் பசையும் தண்ணீரில் கலந்து அடிக்கும் பழைய பூச்சு. நம்மூரில் அந்தக் காலத்து டிஸ்டெம்பர் இந்த இனம்தான். பழைய ஜெர்மன் வீடுகளில், முக்கியமாகப் பூவேலைப்பாட்டு உட்கூரைகளில், இது நிறைய உண்டு. பிளாஸ்டிக் பெயின்ட் காயும்போது தோல்போல் இறுகி இழுக்கும். கீழே இருக்கும் பசை மறுபடி ஈரம் பட்டதும் இளகி விட்டுக்கொடுத்துவிடும். இதன் மேல் எதையும் அடிக்கக் கூடாது, கழுவி எடுத்துவிட்டுத்தான் அடிக்க வேண்டும். சோதனை மிக எளிது. விரலை ஈரமாக்கிச் சுவரில் தேய்த்தால் வெள்ளையாகக் கையில் ஒட்டும். நான் அந்த அறைக்குள் ஐந்து முறை போயிருந்தேன், நூறு போட்டோ எடுத்திருந்தேன், ஒரு முறையும் தொட்டுப் பார்க்கவில்லை. பெயின்டருக்குப் பணம் இல்லாவிட்டாலும், இடம் பார்க்கும் ஒரு நாளுக்காவது ஒரு பெயின்டரைக் கூட்டிப் போங்கள். ஒரு நாள் கூலி கேட்பார். வாசலிலேயே சொல்லிவிடுவார். அல்லது, அடிக்காமல் துணி கட்டி, பொய்க்கூரை போட்டு ஏமாற்ற வழி பாருங்கள்.

பழுதுபார்க்க 7,800 யூரோ என்று மதிப்பு வந்தது. தயாரிப்பு நிறுவனத்துக்குக் காப்பீடு இருந்தது, முதல் 2,500 மட்டும் நிறுவனம் ஏற்க வேண்டும். மேலாளர் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, “கூரைக்குப் பெயின்ட் அடிக்கும் முடிவு உன்னுடையது. அந்த 2,500-ஐ நீ பார்த்துக்கொண்டால் அடுத்த படத்தில் பேச்சே வராது” என்றார். நான் உடனே சரி என்றேன். வெட்கத்தில், அந்த அறையைவிட்டு வெளியே போனால் போதும் என்றிருந்தது. நவம்பர் முதல் மார்ச் வரை மாதம் 500. பிள்ளைகளுக்கு இருக்கட்டும் என்று எடுத்து வைத்திருந்த பணம் அது.

ஜூலையில் கலை இயக்குநர்கள், உடை வடிவமைப்பாளர்கள் சங்கமான வி.எஸ்.கே.-யின் மாலைச் சந்திப்பு ஒன்றில், மூத்தவர் ஒருவரிடம் முதல்முறையாக வாய் திறந்து சொன்னேன். அவர் கோப்பையைக் கீழே வைத்துவிட்டு, “நீ சம்பளத்துக்கு வேலை பார்த்தாயா, பில் போட்டு வேலை பார்த்தாயா?” என்று மட்டும் கேட்டார். சம்பளம் என்றேன். அப்போது விளக்கினார். இங்கே தொழிலாளி வேலையில் செய்யும் தவறுக்குப் பொறுப்பு அளவுபடி. லேசான கவனக்குறைவு என்றால் ஒன்றும் கட்ட வேண்டியதில்லை. நடுத்தரம் என்றால் இரண்டு பேரும் பங்கிட வேண்டும், அப்போதும் காப்பீட்டையும் சம்பளத்தையும் கணக்கில் எடுத்துத்தான் பங்கு வரும். அப்பட்டமான அலட்சியத்துக்கும் வேண்டுமென்றே செய்ததற்கும்தான் முழுப் பொறுப்பு. பெயின்டர் செலவை நிறுவனமே வெட்டியிருந்த என் நிலைமையில் ஒரு நீதிபதியும் முழுத்தொகையை என் தலையில் வைத்திருக்க மாட்டார் என்றார். வீட்டுக்குப் போகும் ரயிலில் அழுதேன். பணத்துக்காக இல்லை. எட்டு மாதம் ஒருவரிடமும் சொல்லாமல் வைத்திருந்தேனே, அதற்காக. சேதம் நடந்த அன்று எதற்கும் சரி சொல்லாதீர்கள். “எழுத்தில் அனுப்புங்கள், பார்த்துவிட்டுச் சொல்கிறேன்” என்ற ஒரு வாக்கியத்தை மனப்பாடம் செய்து வைத்துக்கொள்ளுங்கள். ஜெர்மனில்.

மிச்சம் 430 யூரோவின் கதை சின்னது, ஆனால் இது எல்லாருக்கும் நடக்கிறது. நம் வேலை படம் படமாக. நடுவில் வேலையில்லா நாட்கள் வரும், அதற்குத்தான் சம்பளத்தில் காப்பீடு பிடிக்கிறார்கள். வேலை முடியப்போகிறது என்பதை மூன்று மாதம் முன்பே வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிய வேண்டும். ஒப்பந்தமே அதைவிடக் குறுகியது என்றால், முடியும் தேதி தெரிந்த மூன்று நாளுக்குள். அதாவது, வேலை கிடைத்துக் கையெழுத்துப் போட்ட கையோடு வேலை தேடுகிறேன் என்று பதிய வேண்டும். எனக்கு இது அபத்தமாகத் தோன்றியது, படப்பிடிப்பு முடியட்டும் என்று இருந்தேன். வேலையில்லாக் காலத்துக்குத் தரும் உதவித்தொகையில் ஒரு வாரப் பணத்தை நிறுத்திவிட்டார்கள். இணையத்தில் பதிய ஐந்து நிமிடம்தான்.

உதவித்தொகைக்குப் பொதுவாக 30 மாதத்துக்குள் 12 மாதம் காப்பீட்டு வேலை வேண்டும். ஆனால் பெரும்பாலும் 14 வாரத்துக்கு மேற்படாத ஒப்பந்தங்களில் வேலை பார்ப்பவர்களுக்கு, வருமான வரம்புக்கு உட்பட்டு, 6 மாதமே போதும் என்று தனி விதி இருக்கிறது. அதிகாரி தானாகச் சொல்ல மாட்டார், கேட்க வேண்டும், எல்லா ஒப்பந்தங்களையும் காட்ட வேண்டும். இங்கேதான் நேரக் கணக்கு உதவும். கூடுதல் நேரங்கள் ஒரு கணக்கில் சேர்ந்து, படப்பிடிப்பு முடிந்தபின் சம்பள நாட்களாக நீளும். அந்த நாட்களுக்கும் காப்பீடு உண்டு. எனக்கு நாலு நாள் நீண்டிருக்க வேண்டியது. முன்தயாரிப்பு வாரங்களில் நேரத்தை நான் எழுதி வைக்காததால் போயிற்று. அதற்குக் காசு மதிப்பு போட எனக்குத் தெரியவில்லை, 11,620-ல் அது இல்லை. இன்னொன்று ஓய்வூதியம். 1971-ல் தொடங்கிய பென்சியோன்ஸ்காஸெ ருண்ட்ஃபுங்கில் நாமே விண்ணப்பித்து உறுப்பினரானால், அதில் இணைந்த தயாரிப்பு நிறுவனங்கள் தங்கள் பங்கையும் சேர்த்துக் கட்டும். நான் உதவியாளராக இருந்த வருடங்களில் இதை ஒருவரும் சொல்லவில்லை. முதல் ஒப்பந்தத்தோடு சேர்ந்துவிடுங்கள்.

அந்த வூப்பர்டால் வீட்டுக்கு 2023 செப்டம்பரில் மறுபடி போனேன். ஒருவரும் போகச் சொல்லவில்லை, மனசு கேட்கவில்லை. அந்த அம்மா கதவைத் திறந்து, என்னை அடையாளம் கண்டு, “உள்ளே வாருங்கள், கூரையைப் பார்க்கத்தானே வந்தீர்கள்” என்றார். பழுதுபார்த்தவர் பூவேலைப்பாட்டின் ஒவ்வொரு இலையையும் ஈரப்பஞ்சால் கழுவி, அடியில் இருந்த நுணுக்கத்தையெல்லாம் வெளியே கொண்டுவந்திருந்தார். பூச்சுக்கு அடியில் மூழ்கிக் கிடந்த சின்னத் திராட்சைக் கொத்துகள்கூடத் தெரிந்தன. தான் நாற்பது வருடம் இந்த வீட்டில் இருந்தும் அந்தத் திராட்சையைப் பார்த்ததில்லை என்றார் அவர். பிறகு காபி தந்தார். கிளம்பும்போது கதவுக்குப் பின்னால் கூட்டிப்போய் ஓர் இடத்தைக் காட்டினார். ஞாபகத்துக்கு இருக்கட்டும் என்று பழைய பூச்சை உள்ளங்கை அகலத்துக்கு அங்கே விட்டுவைக்கச் சொல்லியிருந்தாராம். நான் விரலை நாக்கில் தொட்டு ஈரமாக்கி அதில் மெதுவாகத் தேய்த்தேன். கும்பகோணத்தில் எங்கள் வீட்டுத் திண்ணையில் சாய்ந்து உட்கார்ந்தால் பள்ளிக்கூடச் சட்டையின் முதுகில் ஒட்டுமே, அதே வெள்ளை.